அளவுகோலும் அளக்கப்படும் பொருளும்
மொழி மாதிரிகளைச் சரிபார்க்கும் முறைகள் பற்றியதோர் ஆய்வு

ஒரு பொருளை அளக்கப் புகுவார் முதற்கண் தெளியவேண்டுவது, தம் கையிலுள்ள கோல் எதனை அளக்க வல்லது என்பதேயாம். முழக்கோல் கொண்டு துணியின் நீளத்தை அறியலாம். அதன் உறுதியை அறியலாகாது. இவ்வுண்மை எளியதாயினும், மொழியறிவை அளக்கும் துறையில் இது மீண்டும் மீண்டும் மறக்கப்பட்டு வந்திருக்கின்றது. மாணாக்கரின் மொழித்திறனைப் பரீட்சிப்பதில் நேர்ந்த இம்மறதி, அண்மைக் காலத்திற் கணினியின் மொழி மாதிரிகளைப் பரீட்சிப்பதிலும் நேர்ந்து வருகின்றது. 'இம்மாதிரி நூற்றுக்குத் தொண்ணூறு புள்ளி பெற்றது. ஆகவே இது மொழியை உணர்கின்றது' என்னும் கூற்றில், முன்னதற்கும் பின்னதற்கும் இடையே 'ஆகவே' என்னும் ஒரு சொல்லே பாலமாக நிற்கின்றது. அப்பாலத்தின் உறுதியை ஆராய்தலே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

மொழி மாதிரி என்பது யாது? முன்வந்த சொற்களைக் கொண்டு, அடுத்து வரற்பாலதாகிய சொல்லை நிகழ்தகவு முறையாற் கணிக்கும் கணினி அமைப்பே அது. இக்கருத்துப் புதியதன்று. 1913 ஆம் ஆண்டில் உருசியக் கணித அறிஞர் மார்க்கோவ், புஷ்கினின் 'யெவ்கேனி ஒனேகின்' என்னும் செய்யுள் நூலினின்று 20,000 எழுத்துக்களை எடுத்து, உயிரும் மெய்யும் ஒன்றையொன்று தொடரும் முறையைக் கணக்கிட்டார். 1951 இல் அமெரிக்க அறிஞர் குளோட் ஷனன், ஆங்கில வாசகத்தின் அடுத்த எழுத்தை மனிதரைக் கொண்டு ஊகிப்பித்து, அம்மொழியின் ஓரெழுத்துத் தரும் தகவலின் அளவு ஏறத்தாழ 0.6 முதல் 1.3 பிட் வரை எனக் கணித்தார். இன்றைய பெருமாதிரிகள் அளவிறந்த பக்கங்களைக் கற்றுச் செய்வதும் அடிப்படையில் இவ்வூகமே. ஊகம் நுண்ணிதாகுந்தோறும், அது ஊகந்தானோ, அன்றி உணர்வோ என்னும் ஐயம் எழுகின்றது.

இவ்வையத்தைத் தீர்த்தற்குக் கையாளப்படும் சரிபார்ப்பு முறைகள் மூவகைப்படும். தரவின் வடிவத்தைச் சரிபார்த்தல் ஒன்று. மாதிரி முன்னர்க் காணாத தரவில் அதன் கணிப்பைச் சரிபார்த்தல் மற்றொன்று. பரீட்சை வைத்து அதன் திறனைச் சரிபார்த்தல் பிறிதொன்று. இவை தம்முள் வேறாகிய மூன்று வினாக்களுக்கு உரிய விடைகள். ஒன்றன் விடையை மற்றொன்றன் விடையாகக் கொள்ளுதலே இத்துறையிற் காணப்படும் பெரும் பிழையாகும்.

முதலாவதாகிய வடிவச் சரிபார்ப்பை நோக்குக. 1998 இல் வெளியிடப்பெற்ற எக்ஸ்.எம்.எல். என்னும் தரவு வடிவம் இரு படிகளை வகுத்தது. திறக்கப்பட்ட குறி ஒவ்வொன்றும் முறைப்படி மூடப்பட்டுள்ளதா என்பது முதற்படி. ஆவணம் தனக்கென வகுக்கப்பட்ட அமைப்பு விதிகளுக்கு இணங்கியுள்ளதா என்பது இரண்டாம் படி. முதற்படியைக் கடந்தது இரண்டாவதைக் கடந்தே தீரும் என்பதில்லை. இரண்டையும் கடந்தது உண்மையையே கூறும் என்பதுமில்லை. பிறந்த நாளுக்குரிய கட்டத்துள் எண்கள் இருத்தல் வேண்டும் என்பதே விதியாயின், பெப்ரவரி 31 உம் அங்கே குற்றமின்றி அமர்ந்திருக்கும். விதியை இறுக்கி அந்நாளை விலக்கினும், ஒருவர் பிறந்த நாளுக்கு அடுத்த நாளை எழுதிவிட்டால் அதனை எவ்விதியும் காட்டிக்கொடாது.

மொழித்தரவில் இவ்வுண்மை இன்னுந் தெளிவாக விளங்கும். உலக மொழிகள் பலவற்றின் வாக்கியங்களை ஒரே முறையாற் பகுத்துக் குறிக்கும் 'யுனிவேர்சல் டிபெண்டென்சீஸ்' என்னும் திட்டத்திற் சொல் ஒவ்வொன்றும் ஒரு வரியாகவும், வரி ஒவ்வொன்றும் 10 நிரல்களாகவும் எழுதப்படும். அவற்றைச் சோதிக்கும் செய்நிரல் 5 படிகளை உடையது. இறுதிப் படிகள் இரண்டும் அந்தந்த மொழிக்கே உரிய விதிகளை நோக்குவன. தமிழுக்கும் 600 வாக்கியங்கள் கொண்ட தொகுதியொன்று அத்திட்டத்தில் உண்டு. 'மாடு புல் தின்றது' என்னும் வாக்கியத்தில் மாட்டை எழுவாயாகவும் புல்லைச் செயப்படுபொருளாகவும் குறித்தல் முறை. இரண்டும் உருபின்றி நிற்றலால், ஒருவர் கைதவறிப் புல்லை எழுவாயாகவும் மாட்டைச் செயப்படுபொருளாகவும் மாற்றிக் குறித்துவிடின், வடிவில் யாதொரு குறையுந் தோன்றாது. புல் மாட்டைத் தின்ற வாக்கியம் சோதனையைக் கடந்துசெல்லும்.

எழுத்தளவிலேயே இவ்விடர் தொடங்குகின்றது. கணினியில் 'கொ' என்பதன் உயிர்க்குறியை ஒரே குறியீடாகவும் எழுதலாம். கொம்பும் காலும் எனப் பிரித்து இரு குறியீடாகவும் எழுதலாம். கண்ணுக்கு இரண்டும் ஒன்றே. பொறிக்கு அவை வேறு வேறு. இவ்வேற்றுமையை ஒழுங்குபடுத்துதற்கு யூனிகோட் முறையில் விதியுண்டு. ஆயின் 'வௌவால்' என்னும் சொல்லில் ஔகாரக் குறிக்குப் பதிலாகக் கொம்பையும் ளகர எழுத்தையும் இட்டு எழுதும் வழக்கத்துக்கு அவ்விதி உதவாது. ஏனெனின், அவ்வாறு எழுதப்பட்டது முறையான தமிழெழுத்துக்களே ஆகும், சொல்தான் வேறு. வடிவச் சரிபார்ப்பு இன்றியமையாதது என்பதில் ஐயமில்லை. சுட்டெண் எழுதப்படாத விடைத்தாளைத் திருத்தத் தொடங்குவார் யாருமிலர். ஆயினும் சுட்டெண் செவ்வனே எழுதப்பட்டமையால் விடை சரியென்று கொள்வாரும் யாருமிலர்.

இரண்டாவது முறை, காணாத தரவில் கணிப்பைச் சோதித்தலாகும். கையிலுள்ள வாசகங்களை மூன்றாகப் பிரித்து, பெரும்பகுதியாற் பயிற்றுவித்து, சிறுபகுதியொன்றால் மாதிரியின் அமைப்பைத் திருத்தி, எஞ்சிய பகுதியை இறுதிச் சோதனைக்கென மறைத்து வைத்தல் மரபு. திருத்துதற்கும் சோதித்தற்கும் வெவ்வேறு பகுதிகள் வேண்டப்படுதல் ஏனெனின், ஒரே வினாத்தாளைப் பன்முறை நடத்தி, ஒவ்வொரு முறையும் பெற்ற புள்ளியை நோக்கிப் பாடத்தை மாற்றும் ஆசிரியர், ஈற்றில் அவ்வினாத்தாளையே கற்பித்தவராவர். மாணாக்கர் அதிற் பெறும் புள்ளி உயரும். அறிவு உயர்ந்ததோ என்பது தெரியாது.

இச்சோதனையிற் கிடைக்கும் அளவைத் திகைப்பளவு எனலாம். உண்மையாக வந்த சொல்லை மாதிரி எத்துணை எதிர்பாராது நின்றது என்பதே அதன் பொருள். திகைப்புக் குறையுந்தோறும் கணிப்பு நன்று எனப்படும். இவ்வளவு ஒரே மாதிரியின் இரு நிலைகளை ஒப்பிடுதற்கு மிக ஏற்றது. மொழிக்கு மொழி ஒப்பிடுதற்கோ ஏலாது. திகைப்பு ஒரு துண்டுக்கு இவ்வளவெனக் கணக்கிடப்படுவது. துண்டு என்பது சொல்லோ, சொல்லின் கூறோ, எழுத்தோ எனின், அது மாதிரியை ஆக்கியோர் வகுத்தபடியாம். ஆங்கிலத்தையே பெரிதும் கற்ற மாதிரிகளிற் 'படித்துக்கொண்டிருந்தவர்களுக்கு' போன்ற தமிழ்ச் சொல் பல சிறு துண்டுகளாகச் சிதறும். முதல் துண்டுகளைக் கண்டபின் எஞ்சியவற்றை ஊகித்தல் எளிது. ஆகவே துண்டுக்குரிய திகைப்புக் குறைந்தே தோன்றும். துண்டை விடுத்துப் பைட் என்னும் அலகால் அளப்பினும் இடர் தீராது. பெருவழக்கான குறியீட்டு முறையில் ஆங்கில எழுத்து 1 பைட். தமிழ்க் குறியீடு ஒவ்வொன்றும் 3 பைட். அம்மூன்றனுள் முதலாவது பெரும்பாலும் மாறாதது. இரண்டாவதும் அத்துணை மாறுவதன்று. மாறாததை ஊகித்தற்கு அறிவு வேண்டா. இவ்வாறு வந்த குறைந்த எண்ணைக் கொண்டு, மாதிரி ஆங்கிலத்தினும் தமிழை நன்கு கற்றது என முடிவு செய்தல் நகைப்புக்கிடமாகும்.

இம்முறைக்கு அடிப்படையாகிய 'காணாத தரவு' என்பதே இன்று அரிதாகிவிட்டது. இணையப் பக்கங்களையெல்லாம் வாரிக்கற்கும் மாதிரி, பரீட்சை வினாக்களையும் அவற்றின் விடைகளையும் அவற்றோடு கற்றிருத்தல் கூடும். ஜி.பி.ரி.-3 என்னும் மாதிரியை ஆக்கியோர் 2020 இல் வெளியிட்ட ஆய்வுரையில், சோதனை வினாக்களோடு தொடர்ந்து 13 சொற்கள் ஒத்துவருமிடங்களைப் பயிற்சித் தரவினின்று நீக்க முயன்றதாகவும், செய்நிரலில் நேர்ந்த வழுவாற் சில ஒப்புமைகள் எஞ்சிவிட்டதாகவும், செலவின் மிகுதியால் மீளப் பயிற்றுவிக்க இயலவில்லை எனவும் தாமே கூறியுள்ளனர். மறையாது கூறியமை பாராட்டற்பாலது. பிற்காலத்தில் வெளிவந்த மாதிரிகள் பலவற்றின் பயிற்சித் தரவு எது என்பதே வெளியிடப்படாமையால், அத்தகைய கணக்கைப் பிறர் எடுத்தற்கும் வழியில்லாதுபோயிற்று.

மூன்றாவதாகிய பரீட்சை முறையே ஆசிரியர்க்கு மிக அணுக்கமானது. 1953 இல் வில்சன் ரெயிலர் என்பார், வாசகத்தில் இடையிடையே சொற்களை நீக்கி, அவற்றை நிரப்புமாறு வாசகரைப் பணிக்கும் முறையொன்றை வகுத்தார். வாசகம் எத்துணை எளிது என அறிதற்கெழுந்த அம்முறை, பின்னர் மொழித்திறனை அளக்கும் பரீட்சையாக உலகெங்கும் பரவிற்று. கீறிட்ட இடம் நிரப்பாத மாணாக்கர் இன்று இலர். 2018 இல் வெளிவந்த பேர்ட் என்னும் மாதிரியோ, மறைக்கப்பட்ட சொல்லை நிரப்புதலையே தன் பயிற்சியாகக் கொண்டது. அதனை ஆக்கியோர் ரெயிலரின் 1953 ஆம் ஆண்டுக் கட்டுரையையும் சுட்டியுள்ளனர். மனிதர்க்குப் பரீட்சையாக இருந்தது பொறிக்குப் பாடமாயிற்று. பாடமாயினதைப் பரீட்சையாகவுங் கொண்டு, மனிதர்க்குக் கூறும் முடிபையே பொறிக்குங் கூறுதல் பொருந்துமா என்பது சிந்தித்தற்குரியது.

பரீட்சையின் ஏற்புடைமை பற்றிக் கல்வி அளவீட்டுத் துறையார் நெடிது ஆராய்ந்துள்ளனர். 1955 இல் குரோன்பாக், மீல் என்னும் இருவர், நேரே காணவியலாத ஆற்றலொன்றை அளப்பதாகக் கூறும் பரீட்சை, அவ்வாற்றல் பற்றிய கோட்பாட்டோடு இயைந்த சான்றுகளால் நிறுவப்படல் வேண்டும் என்றனர். 1961 இல் றொபேட் லாடோ மொழிப் பரீட்சைக்கெனத் தனிநூல் யாத்தார். 1989 இல் சாமுவேல் மெசிக், ஏற்புடைமை என்பது வினாத்தாளின் குணமன்று, புள்ளியினின்று பெறப்படும் அனுமானத்தின் குணமே என வற்புறுத்தினார். ஒரே வினாத்தாள் ஒரு முடிவுக்கு ஏற்புடைத்தாகவும் மற்றொரு முடிவுக்கு ஏலாததாகவும் இருக்கலாம் என்பது இதனாற் போதரும்.

இக்கொள்கை உரைகல்லாயின், புகழ்பெற்ற கணினிப் பரீட்சைகள் எவ்வாறு தோன்றுகின்றன? 2015 இல் ஸ்ரான்போட் பல்கலைக்கழகத்தார் தொகுத்த எஸ்.என்.எல்.ஐ. என்னும் தொகுதியில் ஏறத்தாழ 570,000 வாக்கிய இணைகள் உள்ளன. முதல் வாக்கியம் உண்மையாயின் இரண்டாவது பெறப்படுமா, மறுக்கப்படுமா, இரண்டுமின்றி நிற்குமா எனக் கூறுதலே வினா. மூன்று விடைகளாதலாற் கண்ணை மூடி ஊகிப்பவருக்கு நூற்றுக்கு 33 அளவிற் கிடைக்கும். 2018 இல் ஆய்வாளர் சிலர் முதல் வாக்கியத்தை முற்றாக மறைத்து, இரண்டாவதை மட்டும் எளிய மாதிரியொன்றுக்குக் காட்டினர். அது நூற்றுக்கு 67 அளவிற் சரியான விடை கூறிற்று. வினாவின் ஒரு பாதியைக் காணாமலே மூன்றில் இரண்டு பங்கு விடை சரியாயிற்று!

இது நிகழ்ந்தவாறு யாதெனின், இரண்டாம் வாக்கியங்களை எழுதியோர் கூலிக்கு அமர்த்தப்பட்ட மனிதர். ஒரு நிழற்படக் குறிப்பைக் கொடுத்து, அதற்கு இயைந்தது ஒன்றும், மாறுபட்டது ஒன்றும், ஐயத்துக்குரியது ஒன்றும் எழுதுக எனப் பணிக்கப்பட்டனர். விரைந்து எழுதுவார் மாறுபாடு காட்டுதற்கு எளிய வழியாக 'யாரும் இல்லை' என எதிர்மறை இட்டனர். அல்லது ஓடுபவரையும் ஆடுபவரையும் 'உறங்குகின்றனர்' என்றனர். உறக்கம் எத்தொழிலுக்கும் மாறாதலால் அச்சொல்லே விடையைக் காட்டிக்கொடுக்கும் குறியாயிற்று. மாதிரி கற்றது அனுமானமன்று. வினா எழுதியோரின் பழக்கம். 2019 இல் வேறு சிலர் இதற்கொத்த வேறொரு குறையைக் கண்டனர். தமிழிற் கூறுவதாயின், 'ஆசிரியரைக் கண்ட மாணவன் ஓடினான்' என்பதினின்று 'மாணவனைக் கண்ட ஆசிரியர் ஓடினார்' என்பது பெறப்படுமா என்பது போன்ற வினாக்களை ஆங்கிலத்தில் ஆக்கி வினவியபோது, முன்னைய பரீட்சைகளில் உயர்புள்ளி பெற்ற மாதிரிகள், சொற்கள் ஒத்தமையால் பொருளும் ஒத்ததெனக் கொண்டு பெரும்பாலும் தவறின.

ஆசிரியர் இதனைக் கேட்டு வியப்படையார். கட்டுரை திருத்தும் பொறியின் வரலாறும் இத்தகையதே. 1966 இல் எல்லிஸ் பேஜ் என்னும் அமெரிக்கக் கல்வியாளர், கட்டுரையின் நீளம், காற்புள்ளிகளின் தொகை, சொற்களின் சராசரி நீளம் முதலியவற்றைக் கொண்டு கணினியாற் புள்ளியிடும் முறையை வெளியிட்டார். அப்புள்ளி, பரீட்சகர் இட்ட புள்ளியோடு பெரிதும் ஒத்துவந்தது. உள்ளார்ந்த பண்பு வேறு, அதற்குப் பதிலாக அளக்கப்படும் புறக்குறி வேறு என்பதைப் பேஜ் தாமே அறிந்து, அவற்றுக்கு வெவ்வேறு பெயரிட்டிருந்தார். பின்வந்தோர் அவ்வேறுபாட்டை மறந்தனர். 2014 இல் லெஸ் பெரல்மன் என்னும் ஆசிரியர் மாணவர் சிலரோடு சேர்ந்து, பொருளற்ற நெடிய வாக்கியங்களைத் தானே தொடுக்கும் செய்நிரலொன்றை ஆக்கினார். அது தொடுத்த கட்டுரைகளுக்குப் புள்ளியிடும் பொறிகள் உயர்புள்ளி வழங்கின. நல்ல கட்டுரைகள் நீளமாக இருத்தல் கூடும். நீளமானவை யாவும் நல்லன ஆகா.

வினாத்தாளே பிழைபட்டிருத்தலும் உண்டு. 2020 இல் வெளிவந்து, மாதிரிகளை ஒப்பிடுதற்குப் பெரிதும் பயன்பட்ட எம்.எம்.எல்.யூ. என்னும் தொகுதி 57 பாடங்களில், வினாவுக்கு நான்கு விடைகள் கொடுத்து ஒன்றைத் தெரியுமாறு பணிப்பது. 2024 இல் அதன் வினாக்கள் சிலவற்றை ஆய்வாளர் மீள நோக்கியபோது, வைரசியற் பகுதியில் ஆராயப்பட்ட வினாக்களுள் நூற்றுக்கு 57 ஏதேனுமொரு பிழையுடையனவாகக் காணப்பட்டன. அப்பகுதியில் முழுப்புள்ளி பெறும் மாதிரியை, அறிவுடையதென்பதா, பிழைகளையும் மனனம் செய்ததென்பதா?

இனி, மாறுகருத்தாளர் கூறுவதையும் கேட்டல் முறை. பரீட்சைகள் குறையுடையனவே, எனினும் குறை காணப்பட்டதும் புதிய பரீட்சைகள் ஆக்கப்படுகின்றன, மாதிரிகளும் மொழிபெயர்த்தல், சுருக்குதல் முதலிய தொழில்களில் உண்மையாகவே முன்னேறியுள்ளன, மாணாக்கரும் ஊகத்தாலும் மனனத்தாலும் புள்ளி பெறுதல் உண்டன்றோ என்பர். முதலிரண்டும் ஏற்கத்தக்கன. 2018 இல் எழுந்த குளூ என்னும் பரீட்சைத் தொகுதியில் மாதிரிகள் மனிதர் பெற்ற புள்ளியை விரைவிற் கடந்தமையால், அடுத்த ஆண்டே அதனினும் கடியதொன்று ஆக்கப்பட்டது. மூன்றாவது கூற்றிலேயே வழு உளது. எப்பரீட்சையும் ஒரு சிறு மாதிரிக்கூறே. பத்து வினாவுக்கு விடையிறுத்த மாணாக்கன், கேட்கப்படாத நூறு வினாவுக்கும் ஏறத்தாழ அவ்வாறே விடையிறுப்பான் என்னும் நம்பிக்கையிலேயே புள்ளிக்குப் பொருள் பிறக்கின்றது. மனிதர் மொழி கற்கும் வகையை நெடுங்காலம் கண்டறிந்தமையால் அந்நம்பிக்கைக்கு ஆதாரம் உண்டு. செயப்பாட்டு வாக்கியத்தை மாற்றி எழுத வல்ல சிறுவன், அடித்தவன் யார், அடிபட்டவன் யார் என்பதை அறியாதிருத்தல் அரிது. பொறியின் கற்றலில் அவ்விரண்டும் சேர்ந்தே வரும் என்பதற்கு ஆதாரம் தனியே காட்டப்படல் வேண்டும். மனிதர்க்கு ஏற்புடைய பரீட்சை பொறிக்கும் ஏற்புடையதென எடுத்துக்கொள்ளுதல், நிறுவ வேண்டியதையே நிறுவியதாகக் கொள்ளுதலாம்.

இவ்வாராய்ச்சி தமிழுக்கு வருங்கால் இருமடங்கு விழிப்பு வேண்டும். இம்மொழிகளுக்குரிய சோதனைத் தொகுதிகள் பல ஆங்கிலத்தினின்று பெயர்த்தவை. புளோரெஸ் என்னும் தொகுதி 2019 இல் நேபாளம், சிங்களம் ஆகிய இரு மொழிகளோடு தொடங்கி, 2022 இல் தமிழ் உட்பட 200 மொழிகளுக்கு விரிந்தது. விரிந்த அத்தொகுதியின் 3,001 வாக்கியங்களும் ஆங்கிலப் பக்கங்களினின்று எடுக்கப்பெற்றவை. மொழிபெயர்ப்பை ஒப்பிடுதற்கு அது பெரும்பயன் தருவது. ஆயின் அதிற் பெறும் புள்ளி, ஆங்கிலக் கருத்தைத் தமிழில் வைக்கும் திறனுக்கே சான்றாகும். தமிழர் தமக்குள் எழுதும் தமிழுக்கும், யாழ்ப்பாணத்தாரும் மட்டக்களப்பாரும் மலையகத்தாரும் வீட்டிற் பேசும் தமிழுக்கும் அது சான்றாகாது.

தமிழின் உள்ளிருந்தே பரீட்சை எழல் வேண்டும் என்பது இதனாற் பெறப்படும். அதற்கு வேண்டிய பொருள் இலக்கண வகுப்பிலேயே உண்டு. 'புலி கொன்ற யானை' என்னும் தொடர் இருபொருள்படும் என்பதை மாணாக்கர் நெடுங்காலமாகக் கற்று வருகின்றனர். 'புலி கொன்ற யானையின் உடலை ஊரார் புதைத்தனர்' என்புழி இறந்தது யானை. 'புலி கொன்ற யானை மதம் அடங்காது காட்டினுட் சென்றது' என்புழி இறந்தது புலி. இரண்டிலும் அம்மூன்று சொற்கள் மாறவில்லை, உருபும் உதவவில்லை, உடல் புதைக்கப்படுவது யாருக்கு, நடந்து செல்வது யார் என்னும் உலகறிவே பொருளைத் துணிகின்றது. இத்தகைய இணைகளைப் புதியனவாக ஆக்கி, வெளியிடாது காத்து, இரண்டுக்கும் சரியாக விடையிறுத்தாலன்றிப் புள்ளியில்லை என விதித்தால், ஊகத்துக்கு இடம் குறையும். வினாவின் ஒரு பாதியை மறைத்துக் கேட்டுப் பெறும் புள்ளியையும் உடன்காட்டினால், குறியாற் பெற்றது எவ்வளவு, பொருளாற் பெற்றது எவ்வளவு என்பது புலனாகும்.

இது அறிஞர் தம்முள் வாதிட்டு ஒழியும் செய்தியன்று. கட்டுரை திருத்தும் பொறி தமிழுக்கு வருநாளில், 'இது தமிழை உணர்வது' என்னும் சான்றிதழோடேயே வரும். அச்சான்றிதழ் பெயர்ப்புத் தமிழில் வைத்த பரீட்சையால் வழங்கப்பட்டதாயின், தன் ஊர்ச் சொல்லைப் பொருந்த எழுதிய சிறுமியின் விடை பிழையெனப்படும். பொருளின்றி நீள எழுதியவனது விடை உயர்புள்ளி பெறும். அப்போது அளவுகோலின் குறை, அளக்கப்பட்ட பிள்ளையின் குறையாக ஏட்டிற் பதியும். ஆகவே, ஒரு மாதிரி இத்தனை புள்ளி பெற்றது எனக் கேட்டவர் அடுத்து வினவ வேண்டுவன மூன்று: எவ்வகைச் சரிபார்ப்பால் அப்புள்ளி வந்தது? அவ்வினாக்களை மாதிரி முன்னர்க் கண்டதில்லை என்பதற்குச் சான்று யாது? அப்புள்ளியினின்று இம்முடிவுக்கு வருதற்குரிய வழி எது? இம்மூன்றுக்கும் விடை கிடைக்கும்வரை, புள்ளியைப் புள்ளியென்று மட்டும் கொள்ளுதலே அறிவுடைமையாகும்.